சொந்தப் பகுதி: என்.எஸ். கிருஷ்ணனின் கலைத்தொழில் பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

நாடகம், சினிமா, எழுத்து, படத் தயாரிப்பு என்று நாலிலும் கால்வைத்த தமிழ் நடிகர்கள் நிறையப் பேர். பெரும்பாலும் கதை ஒரே தடத்தில்தான் போகும். மேடையில் பெயர் கிடைக்கும், சினிமாவில் பணம் கிடைக்கும், அந்தப் பணத்தைப் போட்டுச் சொந்தப் படம் எடுப்பார்கள், கடன் வந்து சேரும். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனையும் அந்த வரிசையில் வைத்துப் படிக்கிறவர்கள் உண்டு. எனக்கு அது போதவில்லை. அவருடைய நாலு துறைகளுக்கும் வேர் ஒன்றுதான் என்பது என் கணிப்பு. யாரோ எடுக்கும் படத்துக்குள் தனக்கென்று ஒரு பகுதியை வாங்கிக்கொண்டு, அதன் கதையிலிருந்து கடைசிப் பாட்டுவரை தன் ஆட்களைக் கொண்டே செய்து முடிப்பது அவர் வழக்கம். எழுத்து அந்தத் தேவையில் பிறந்தது. நாடகக் குழுவும் படக் கம்பெனியும் அதைக் காப்பாற்ற வந்தவை. அந்தப் பகுதி எப்படி உருவானது, எதையெல்லாம் தாங்கியது, எங்கே தடுமாறியது என்பதைத்தான் இங்கே பார்க்கப்போகிறேன்.

வில்லும் பாய்ஸ் கம்பெனியும்

கிருஷ்ணன் 1908 நவம்பர் 29 அன்று நாகர்கோவிலை ஒட்டிய ஒழுகினசேரியில் பிறந்தார். அன்றைக்கு அது திருவிதாங்கூர் சமஸ்தானம். அப்பா சுடலைமுத்து, அம்மா இசக்கியம்மாள். சுடலைமாடன், இசக்கியம்மன் இருவர் கதையும் அந்த வட்டாரத்துக் கோயில் கொடைகளில் விடிய விடிய வில்லுப்பாட்டாகப் பாடப்படுபவை. பெற்றோர் பெயரிலேயே வில்லுப்பாட்டு இருந்த வீடு அது. வசதி இல்லாததால் பள்ளிப் படிப்பு சீக்கிரமே நின்றது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற பையன் அப்படியே நாடகத்துக்குள் போனான்.

வில்லுப்பாட்டின் அமைப்பைக் கொஞ்சம் கவனிக்க வேண்டும், ஏனென்றால் பின்னால் அவர் சினிமாவில் செய்தது பெரும்பாலும் அதுதான். நடுவில் வில்லை அடித்துக் கதை சொல்லும் புலவர். பக்கத்தில் குடம், உடுக்கை, ஜால்ரா. கூடவே ஒருவர் 'ஆமா' போட்டுக்கொண்டே இருப்பார். சும்மா ஆமோதிக்கிற வேலை இல்லை அது. இடையில் சந்தேகம் கேட்பார், தப்பாகப் புரிந்துகொள்வார், மடக்குவார். புலவர் அவருக்குப் பதில் சொல்வதுபோல் கூட்டத்துக்குச் சொல்வார். பழைய புராணக் கதை ஓடிக்கொண்டிருக்கும்போதே, இந்தக் கேள்வி பதிலுக்குள் அன்றைக்கு ஊரில் நடந்த விஷயம் நுழைந்துவிடும். கதையை நிறுத்தாமலே கதைக்கு வெளியே பேச ஒரு வழி.

1925ல் டி.கே.எஸ். சகோதரர்கள் தொடங்கிய ஸ்ரீ பால ஷண்முகானந்த சபாவில் அவர் சேர்ந்தார். பாய்ஸ் கம்பெனி என்றால் பையன்கள் சேர்ந்து தங்கி, சேர்ந்து சாப்பிட்டு, பாடம் படித்து, ராத்திரி நாடகம் போடும் இடம். ஒருவனுக்குக் காய்ச்சல் என்றால் இன்னொருவன் அந்த வேஷத்தைக் கட்டவேண்டும். கிருஷ்ணன் எந்த வேஷத்துக்கும் தயாராக இருந்த நடிகர். ஆனால் அவரை இழுத்தது பபூன் வேஷம். அந்தக் கால நாடகத்தில் எழுதிய வசனத்துக்குள் அடங்காமல் இருக்க அனுமதி பெற்ற ஒரே ஆள் பபூன்தான். காட்சிக்கும் காட்சிக்கும் நடுவே வருவான், சொந்தமாகப் பேசுவான், ஊர்க்கதை சொல்வான். ஆமா போடுகிறவர், பபூன் இரண்டு பேருமே கதைக்குள் இருந்துகொண்டே அதற்குக் கட்டுப்படாதவர்கள். கிருஷ்ணன் பெற்ற பயிற்சி இந்த இரண்டும்தான்.

தனி டிராக்

எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி' அவர் முதலில் நடித்த படம். 1936ல் வந்தது. எம்.ஜி.ஆருக்கும் டி.எஸ். பாலையாவுக்கும் அதுதான் தொடக்கம். ஆனால் அதற்குப் பின் அவர் நடித்த, டி.கே.எஸ். சகோதரர்களின் 'மேனகா' அதற்கு முன்பே 1935ல் திரைக்கு வந்துவிட்டது. சினிமாவுக்கு வந்த புதிதிலேயே தன் நகைச்சுவைப் பகுதியைத் தானே எழுதிக்கொண்டார் என்பது முக்கியமான செய்தி. கதாநாயகனுக்கே வசனம் பார்த்துப் போடுகிற காலத்தில் புதுமுக நகைச்சுவை நடிகர் தன் காட்சியைத் தானே கொண்டுவருவது சாதாரணமில்லை.

அது நடந்ததற்குக் காரணம் அன்றைய படங்களின் அமைப்பு. பெரும்பாலும் புராணமும் ராஜா ராணிக் கதையும். பாட்டுகள் ஏராளம், படமோ மிக நீளம். இத்தனை நேரம் உட்காரும் கூட்டத்துக்கு இடையில் மூச்சுவிட ஒன்று வேண்டும். மேடையில் அதைப் பபூன் செய்தான். சினிமாவில் செய்ய ஆள் தேவைப்பட்டது. மூலக்கதையோடு சேராமல் தனியாக ஓடும் இப்படிப்பட்ட நகைச்சுவைப் பகுதியைத்தான் தனி டிராக் என்கிறேன். தயாரிப்பாளருக்கு அதை எழுதவும் தெரியாது, எழுத நேரமும் இல்லை. கிருஷ்ணன் கதை, பாட்டு, துணை நடிகர்கள் எல்லாவற்றையும் தயாராகக் கொண்டுவந்தார். டி.எஸ். துரைராஜ், புளிமூட்டை ராமசாமி, காகா ராதாகிருஷ்ணன் என்று ஒரு வட்டம். பாட்டுக்கு உடுமலை நாராயண கவி. அசோகா பிலிம்ஸ் என்ற பெயரில் சொந்தமாகவே நகைச்சுவைப் பகுதிகள் எடுக்கும் ஏற்பாடும் செய்துகொண்டார். இதைத் தயாரிப்பாளர் என்ற பட்டத்துக்கு முந்தைய தயாரிப்பு என்றே சொல்வேன். முழுப் படத்தின் பாரம் வேறொருவருடையது. ஆனால் சில ஆயிரம் அடிப் படச்சுருளுக்கு எழுத்தாளர், இயக்குநர், தயாரிப்பாளர் எல்லாம் அவரே.

'வசந்தசேனா' படப்பிடிப்புக்காகப் புனே போனபோதுதான் டி.ஏ. மதுரத்தைச் சந்தித்தார். மணந்துகொண்டார். வில்லுப்பாட்டில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் ஆளின் இடம் மதுரத்துக்குப் போனது. இவர் ஒன்று சொல்வார், அவர் அதில் ஓட்டை கண்டுபிடிப்பார். பல படங்களில் கடைசி வார்த்தை மதுரத்துடையதாகவே இருக்கும். கணவன் பேச்சை மனைவி நேருக்கு நேர் மடக்குவதைப் பார்த்து 1930களின் கூட்டம் கைதட்டியது. கற்பின் பெருமையைச் சொல்லும் கதைகளுக்கு நடுவிலேயே அது நடந்தது. அதை எழுதியவரும் கேலிக்கு ஆளானவரும் ஒரே ஆள் என்பதால் யாருக்கும் உறுத்தவில்லை. மதுரத்தின் பங்கைப் பற்றித் தமிழில் போதுமான அளவு எழுதப்படவில்லை என்பது என் வருத்தம். ஜோடி என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறோம். அடுத்து வரும் பகுதியில் இந்த நிறுவனத்தைத் தூக்கி நிறுத்தியவர் அவர்தான்.

'அம்பிகாபதி', 'திருநீலகண்டர்', 'சகுந்தலை', 'சிவகவி' என்று வரிசையாகப் படங்கள். காளிதாசன் கதையாக இருந்தாலும் நாயன்மார் கதையாக இருந்தாலும் நடுவில் கிருஷ்ணனும் மதுரமும் வந்து அன்றாட வாழ்க்கை பேசிவிட்டுப் போனார்கள். மூலக்கதையோடு ஒட்டாமல் துருத்திக்கொண்டு நிற்கும் பகுதிகள் இவற்றில் உண்டு, அதை மறுக்க முடியாது. இன்றைய கண்ணுக்குப் படத்தின் ஓட்டத்தை அவை கெடுக்கின்றன. ஆனால் அந்த ஒட்டாமைதான் அவருக்குச் சுதந்திரம் கொடுத்தது. கதையோடு பின்னிப்போயிருந்தால் சாதிபற்றியோ மூடநம்பிக்கைபற்றியோ பக்திப் படத்துக்குள் ஒரு வரி பேசியிருக்க முடியாது.

போர்க்காலத்தில் படச்சுருளுக்குத் தட்டுப்பாடு வந்து, படத்தின் நீளம் 11,000 அடிக்குள் இருக்கவேண்டும் என்று அரசு கட்டுப்படுத்தியது. நியாயமாகப் பார்த்தால் முதலில் வெட்டப்பட வேண்டியது கதையோடு ஒட்டாத நகைச்சுவைதான். வெட்டவில்லை. 1944 தீபாவளிக்கு வந்த 'ஹரிதாஸ்' அந்த அளவுக்குள் எடுக்கப்பட்ட படம். அதிலும் கிருஷ்ணனும் மதுரமும் இருந்தார்கள். சென்னை பிராட்வே தியேட்டரில் அது மூன்று தீபாவளிகளைக் கண்டது.

முதலாளி இல்லாத கம்பெனி

ஹரிதாஸ் ஓடிக்கொண்டிருந்தபோதே கைது நடந்தது. 1944 நவம்பர் 8 அன்று சென்னை வேப்பேரியில் 'இந்து நேசன்' பத்திரிகையை நடத்திய லட்சுமிகாந்தன் கத்தியால் குத்தப்பட்டு மறுநாள் இறந்தார். டிசம்பரில் ஹரிதாஸ் நாயகன் தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945 மே மாதம் இருவருக்கும் ஆயுள் தண்டனை. உயர் நீதிமன்றத்தில் செய்த முறையீடு தள்ளுபடியானது. லண்டன் பிரிவி கவுன்சில்வரை வழக்கு போய், அங்கிருந்து மறுவிசாரணைக்குத் திரும்பி, 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என்று விடுதலையானார்கள். வழக்கின் உள்விவரங்களுக்குள் நான் போகவில்லை. இந்த ஆய்வுக்கு வேண்டியது வேறு: இரண்டு ஆண்டுக்கும் மேலாக அந்த மனிதர் இல்லாதபோது அவருடைய தொழிலுக்கு என்ன ஆனது?

ஒரு நடிகர் மட்டும் என்றால் பதில் எளிது, எல்லாம் நின்றுபோயிருக்கும். இங்கே நிற்கவில்லை. என்.எஸ்.கே. நாடக சபா என்ற குழு அவருக்கு இருந்தது. அதை எஸ்.வி. சகஸ்ரநாமமும் மதுரமும் எடுத்து நடத்தினார்கள். வழக்குச் செலவுக்கு நாடக வசூல் தேவைப்பட்டது. சகஸ்ரநாமம் எழுதிய 'பைத்தியக்காரன்' மேடை ஏறியது. விதவை மறுமணத்தைப் பேசிய நாடகம். அதைப் படமாக்கவும் முடிவு செய்து, கிருஷ்ணன்-பஞ்சு என்ற இரட்டை இயக்குநர்களின் (இந்தக் கிருஷ்ணன் வேறு ஆள்) இயக்கத்தில் வேலையைத் தொடங்கினார்கள். அதாவது, முதலாளி சிறையில் இருக்கும்போது கம்பெனி முழுநீளப் படத் தயாரிப்பில் இறங்கியது. படம் முடிவதற்குள் விடுதலை வந்துவிட, அவருக்கும் இடம் உண்டாக்கிச் சிறையனுபவத்தையே பாட்டாக வைத்துச் சேர்த்தார்கள்.

குழுவுக்குள் பிளவும் வந்தது. கே.ஆர். ராமசாமி பிரிந்துபோய்த் தனிக்குழு தொடங்கினார். அதற்கு அவர் வைத்த பெயர் கிருஷ்ணன் நாடக சபா. பிரிந்துபோகிறவரும் அவர் பெயரையே வைத்துக்கொண்டு போனார் என்பதை நான் சும்மா கடந்துபோக மாட்டேன். அந்தக் குழுவுக்காகத்தான் அண்ணாதுரை 'வேலைக்காரி', 'ஓர் இரவு' நாடகங்களை எழுதினார். திராவிட இயக்க நாடகமும் பிறகு சினிமாவும் போன பாதையில் பெரிய திருப்பம் அது. சிறையில் இருந்த ஒருவரின் குழு உடைந்ததில் கிடைத்த கிளை.

அந்தப் பக்கம் பாகவதரைப் பாருங்கள். 1944ல் அவரைவிடப் பெரிய நட்சத்திரம் தமிழில் இல்லை. ஒரே வழக்கு, ஒரே தண்டனை, ஒரே நாளில் விடுதலை. வெளியே வந்து நடித்த 'ராஜமுக்தி' எடுபடவில்லை. பழைய இடம் திரும்பக் கிடைக்கவே இல்லை. அவரிடம் ஈடில்லாத குரல் இருந்தது. ஆனால் அந்தக் குரலைச் சுற்றி எடுத்த பாட்டுப் படங்களின் காலம் முடிந்துகொண்டிருந்தது, குரலைத் தவிர வேறு கட்டமைப்பு அவருக்கு இல்லை. கிருஷ்ணனுக்கோ எழுதுகிறவர், நடத்துகிறவர், கூட நடிக்கிறவர் எல்லோரும் வேலையில் இருந்தார்கள். ஜெமினியில் எஸ்.எஸ். வாசன் 'சந்திரலேகா'வைப் பெரும்பகுதி எடுத்து முடித்திருந்தார். விடுதலைக்குப் பிறகு கிருஷ்ணன் மதுரம் காட்சிகளை அதில் சேர்த்தார். ஏறக்குறைய முடிந்த படத்துக்குள் இன்னொரு பகுதியைப் பொருத்த முடிந்ததென்றால் அது தனி டிராக் என்பதால்தான். இருவருடைய குணத்தையோ அதிர்ஷ்டத்தையோ வைத்து இந்த வித்தியாசத்தை விளக்குகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை.

1947லேயே பம்மல் சம்பந்த முதலியார் கையால் 'கலைவாணர்' பட்டம் வந்தது. தமிழ் நாடகத்தின் தலைமகன் என்று மதிக்கப்பட்டவர் ஒரு நகைச்சுவை நடிகருக்குக் கொடுத்த பட்டம்.

பகுதி முழுமையானபோது

அப்புறம்தான் அவர் முழுப் படத்தையும் கையில் எடுக்கிறார். 1949ல் 'நல்லதம்பி'. எழுத்து அண்ணாதுரை, இயக்கம் கிருஷ்ணன்-பஞ்சு, தயாரிப்பும் நாயகன் வேடமும் என்.எஸ். கிருஷ்ணன். பட்டணத்திலிருந்து வந்து ஜமீனுக்கு வாரிசாகும் ஒருவன், சொத்தை ஊருக்காகச் செலவிட நினைக்கிறான், மதுவிலக்கைப் பேசுகிறான். சென்னை மாகாணம் முழுக்க மதுவிலக்கு வந்தது 1948 அக்டோபரில். படம் சில மாதங்களில் வந்தது. நாட்டு நடப்பைச் சூடு ஆறுவதற்குள் பேசும் வில்லுப்பாட்டுக்காரரின் வழக்கம் இங்கேயும் தெரிகிறது.

இந்தப் படத்தில் நிலைத்து நிற்பது 'கிந்தனார்' காலட்சேபம். உடுமலை நாராயண கவி எழுதியது. நந்தனார் சரித்திரத்தைக் கதாகாலட்சேபமாகச் செய்வது பழைய மரபு. நந்தன் சிதம்பரம் போகத் துடிப்பான், தீயில் இறங்கித்தான் உள்ளே போவான். இங்கே கிந்தன் என்ற தாழ்த்தப்பட்ட பையன் பள்ளிக்கூடம் போக ஆசைப்படுகிறான். அடி வாங்குகிறான். பட்டணத்துக்கு ரயிலேறிப் படித்து, கல்வி அதிகாரியாக ஊர் திரும்புகிறான். அதே ராக நடை, காலட்சேபம் செய்கிற பாகவதரின் அதே தோரணை, அதே பக்க வாத்தியம். கோயில் இருந்த இடத்தில் பள்ளிக்கூடம். தீ இருந்த இடத்தில் ரயில். கிருஷ்ணன் அதைப் பாடும்போது நந்தனைக் கேலி செய்யவில்லை. நந்தனுக்குச் செய்த அநியாயத்தை வேறு முடிவு கொடுத்துத் திருத்துகிறார். அவர் செய்ததிலேயே ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால் தயங்காமல் இதைத்தான் எடுப்பேன்.

ஆனால் இது படத்துக்குள் வரும் ஒரு பகுதி என்பதையும் பார்க்கவேண்டும். படம் முழுவதையும் எடுத்துக்கொண்டால் அவ்வளவு இறுக்கம் இல்லை. அடுத்தவர் கதைக்குள் புகுந்து குறுக்கே பேசும்போது அவருக்கு இருந்த வேகம், தானே கதாநாயகனாகிப் போதிக்க ஆரம்பிக்கும்போது குறைகிறது. குறுக்கே பேசுவதற்கு எதிரே ஒரு பெரிய கதை வேண்டும். இங்கே அந்தப் பெரிய கதையே அவருடையது. 'ஆமா' போடுகிறவர் புலவர் இடத்தில் உட்கார்ந்துவிட்டார்.

அதை அவரே உணர்ந்திருப்பாரோ என்று எண்ண வைக்கிறது 1951ன் 'மணமகள்'. தயாரித்து இயக்கிய படத்தில் நடுநாயகமாகத் தன்னை வைக்கவில்லை. பத்மினிக்குத் தமிழில் கதாநாயகி இடம் இதில் கிடைத்தது. மலையாள நாடகாசிரியர் முன்ஷி பரமு பிள்ளையின் கதை, மு. கருணாநிதி வசனம், சி.ஆர். சுப்பராமன் இசை. பாரதியின் 'சின்னஞ்சிறு கிளியே' எம்.எல். வசந்தகுமாரி குரலில் வீடுவீடாகப் போய்ச் சேர்ந்தது இந்தப் படத்தால்தான். தயாரிப்பாளராக அவருடைய நல்ல படம் இது. தன் பகுதிக்கு ஆள் சேர்த்தபோது காட்டிய அதே கணிப்பு, யாரிடம் எதைக் கொடுத்தால் நன்றாக வரும் என்ற கணிப்பு, இங்கே முழுப் படத்துக்கும் வேலை செய்தது.

1952ல் 'பணம்' படத்தை இயக்கினார். தயாரிப்பு ஏ.எல். சீனிவாசன், வசனம் கருணாநிதி, நாயகன் சிவாஜி கணேசன். 'பராசக்தி' வந்த அதே ஆண்டு. விஸ்வநாதன் ராமமூர்த்தி என்ற இரட்டைப் பெயர் இசையமைப்பாளராக அறிமுகமானதும் இங்கேதான். இதில் தி.மு.க. என்ற எழுத்துகளைத் திருக்குறளின் பேரால் அமைந்த கழகம் என்று விரித்து ஒரு பாட்டுப் பாடினார். தணிக்கை கண்முன்னே நிற்க, கூட்டத்துக்குப் புரிய வேண்டியது புரிந்துவிட்டது. 'எங்கே தேடுவேன், பணத்தை எங்கே தேடுவேன்' பாட்டும் இந்தப் படத்தில் அவர் பாடியதுதான்.

கணக்கு

இந்த நிகழ்வில் பலவீனம் எங்கே என்றால், பணத்தில். வந்ததைக் கொடுத்துக்கொண்டே இருந்தார். நாகர்கோவிலில் காந்திக்குத் தன் செலவில் நினைவுத் தூண் எழுப்பினார். கேட்டவருக்கும் கேட்காதவருக்கும் உதவினார். அதைப் புகழ்ந்து எத்தனையோ கதைகள். எனக்கும் அந்தக் கதைகள் பிடிக்கும். ஆனால் ஒரு தொழிலை ஆராயும்போது இதையும் சொல்லியாக வேண்டும்: அவர் கட்டிய அமைப்பில் எழுத ஆள் இருந்தார், நடத்த ஆள் இருந்தார், பாட ஆள் இருந்தார், சேமிக்க ஏற்பாடு இல்லை. தனி டிராக் செய்த காலத்தில் படத்தின் லாப நட்டம் மற்றவர் தலையில். சொந்தப் படம் என்று வந்ததும் அது தன் தலையில் விழுந்தது. ஈகையையே காரணமாகச் சொல்லிவிட்டு இந்த மாற்றத்தைப் பலர் பார்ப்பதில்லை.

கடைசி ஆண்டுகளில் மறுபடி மற்றவர் படங்களுக்குள் பகுதி நடிகராகவே வருகிறார். 'முதல் தேதி'யில் மாதச் சம்பளக்காரன் இருபதாம் தேதிவரை கொண்டாடி மிச்ச நாள் திண்டாடுவதைப் பாடினார். 'ராஜா ராணி'யில் சிரிப்பின் வகைகளையே ஒரு பாட்டாக்கிச் சிரித்துக் காட்டினார். 'மதுரை வீரன்' படத்திலும் இருந்தார். வில்லுப்பாட்டுக்கும் திரும்பினார். காந்தி கதையை வில்லில் பாடினார். அதற்கு எழுதிக் கொடுத்த சுப்பு ஆறுமுகம் பிறகு அந்தக் கலையையே பல பத்தாண்டுகள் தூக்கிச் சுமந்தார். கிருஷ்ணன் 1957 ஆகஸ்ட் 30 அன்று 48 வயதில் மறைந்தார்.

சகஸ்ரநாமம் சேவா ஸ்டேஜ் என்ற குழுவைத் தொடங்கித் தமிழின் நல்ல எழுத்தாளர்களை மேடைக்கு அழைத்துவந்தார். சென்னை தியாகராய நகரில் கிருஷ்ணனின் சிலையை 1969 ஜனவரியில் முதலமைச்சர் அண்ணாதுரை திறந்துவைத்தார். அவர் கலந்துகொண்ட கடைசிப் பொதுநிகழ்ச்சி அது.

தனி டிராக் முறை மட்டும் இன்னும் பல பத்தாண்டுகள் ஓடியது. 1980களில் கவுண்டமணி செந்தில் பகுதிகளுக்கு ஏ. வீரப்பன் எழுதினார், கதைக்கு வெளியே நிற்கும் அதே அமைப்பு. நடிகர்கள் அசாத்தியமானவர்கள், எழுத்தும் கூர்மை. ஆனால் நடிகர், எழுத்தாளர், பாடலாசிரியர், குழு எல்லாம் ஒரே கூரையின்கீழ் இருந்து, அதன் நாடகக் குழு வேறு பக்கம் வருமானம் ஈட்டி, தலைவர் இல்லாதபோதும் படம் எடுக்கும் அளவுக்கு நின்ற அமைப்பை நகைச்சுவை நடிகர் யாரும் திரும்பக் கட்டவில்லை. நாடகக் கம்பெனி வாழ்க்கை முடிந்துபோனது அதற்கு முதல் காரணம். பையன்கள் சேர்ந்து தங்கி வளர்ந்த கொட்டகைகள் இல்லாமல் அப்படிப்பட்ட குழு எங்கிருந்து வரும்? இன்று ஒரு நடிகர் சொந்தக் கம்பெனி தொடங்கினால் கால்ஷீட்டையும் முதலீட்டையும் வைத்துத் தொடங்குகிறார். கிருஷ்ணன் ஆட்களை வைத்துத் தொடங்கினார், முதலீடு பிறகுதான் வந்தது.